நெக்டரினுக்குச் சுணை கிடையாது

ஜூன் 14, திங்கள், காலை மணி 7.20. நீ அனுப்பின பெட்டியைத் திறந்து எண்ணினேன்: மொத்தம் 48 பழம். 41 பீச், 7 நெக்டரின்.

அக்காவுக்கு,

நான் நலம். நீயும் மாமாவும் நலமா? கேட்காமல் விட்டால் அடுத்த கடிதத்தில் ஒரு பக்கம் திட்டுவாய், அதனால் கேட்டாகிவிட்டது.

உன் கடிதத்தில் கேள்வி நாலு வரி, புலம்பல் மூன்று பக்கம். புலம்பலை அப்புறம் படிக்கிறேன். கேள்வி இதுதானே: ஒரே மரம், ஒரே நாள் பறித்தது, ஆனால் ஒரு கிளையில் மட்டும் நெக்டரின். மாமா, ஒட்டுக்காரர் திருட்டுத்தனமாக வேறு மரத்துக் கிளையை ஒட்டிவிட்டார் என்று சத்தம் போடுகிறார். ஒட்டுக்காரர், நான் தொடவே இல்லை என்கிறார். யார் சொல்வது சரி?

பீச் வேறு, நெக்டரின் வேறு என்று ஊரே நினைத்துக்கொண்டிருக்கிறது. கிடையாது. இலை ஒன்று, பூ ஒன்று, கொட்டை ஒன்று. தோலை உரித்துத் தட்டில் வைத்தால் தோட்டமே வைத்திருக்கிற மாமாவும் தடுமாறுவார். பீச்சுக்குத் தோலில் சுணை, அதாவது தொட்டால் அரிக்கிற மெல்லிய பூனைமுடி உண்டு, நெக்டரினுக்குக் கிடையாது. பெரிய வித்தியாசம் அவ்வளவுதான், மிச்சமெல்லாம் சில்லறை. அழுத்தக் கருவியால் குத்திப் பார்த்தேன்: உன் பீச் 4.1 கிலோவில் உடைந்தது, நெக்டரின் 5.3 வரை தாங்கியது. இனிப்பு பீச்சில் 11.6, நெக்டரினில் 12.9.

மரம் தானாகவும் இதைச் செய்யும். ஒரு மொட்டு வளரும்போது உள்ளே ஒரே ஒரு கட்டளை மாறிப்போனால் போதும், அதிலிருந்து வரும் கிளை முழுக்கச் சுணையில்லாமல் காய்க்கும். அபூர்வம்தான், ஆனால் நடப்பது. கண்டுபிடிக்க எளிய வழி இருக்கிறது. கிளையின் அடியைப் பாருங்கள். தழும்பு இருந்தால் ஒட்டு. இல்லையென்றால் மரமே செய்தது. இதில் சந்தேகமே இல்லை. (அடிக்கோடு போட்டிருக்கிறேன், பார்.)

இன்னொன்று. ஐந்து பீச்சில் உள்காயம். வெளியே ஒன்றும் தெரியவில்லை, சுணை மறைத்துவிட்டது. தோலை உரித்தால் நாலு விரல், ஒரு கட்டைவிரல், பழுப்பாகப் பதிந்திருக்கிறது. பறிக்கும்போது பட்டது இல்லை. யாரோ கையில் வைத்து நசுக்கியிருக்கிறார்கள். பெரிய கை. எந்த அடி எப்போது, எதனால் பட்டது என்று பார்ப்பதுதான் இந்தப் பழச் சோதனைக் கூடத்தில் என் வேலை, எனக்குத் தெரியாமல் போகாது. உங்கள் ஆட்களைக் கண்டித்து வை.

உன் போன் அடிக்கவே மாட்டேன் என்கிறது. வேறு வாங்கு.

உடம்பைப் பார்த்துக்கொள்.
தம்பி

---

ஜூன் 27

அன்புத் தம்பி மீட்டருக்கு,

அக்கா எழுதுகிறேன். இங்கே எல்லாரும் சுகம். நீ வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாயா, இல்லை குத்திப் பார்த்த பழத்தின் மிச்சத்தைத் தின்றே காலம் தள்ளுகிறாயா? போன் ஏணியிலிருந்து விழுந்துவிட்டது. அதன் ஆயுசு அவ்வளவுதான்.

உன் கடிதத்தை நான் பிரிப்பதற்கு முன்னால் மாமா பிரித்துவிட்டார். இரண்டு தடவை படித்தார். மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு நேராக அந்த மரத்தடிக்குப் போனார்.

கிளையின் அடியில் தழும்பு இருக்கிறதடா. ஆனால் அது ஒட்டு இல்லை. போன வருஷத்துக்கு முந்தின வருஷம் அடித்த காற்றில் அந்தக் கிளை பாதி பிளந்து தொங்கியது. நான்தான் ஏணி போட்டு ஏறி, சேர்த்துப் பிடித்து, நாடா சுற்றிக் கட்டினேன். ‘இன்னைக்கு ஒரு எலும்பு முறிவு வைத்தியம் பார்த்தேன்’ என்று உனக்கு எழுதினேனே, ஞாபகம் இருக்கா? நீதான் என் கடிதத்தை முழுசாகப் படிக்கிறவன் இல்லையே. இதை மாமாவிடம் சொன்னேன். “உன் தம்பியே எழுதியிருக்கான், சந்தேகமே இல்லைன்னு. அவன் படிச்சவன். நீ என்னத்த படிச்சே?” என்கிறார். ஏணி போட்டது நான் என்றால் எனக்கும் அதில் பங்கு உண்டாம்.

ஒட்டுக்காரர் ஒரு வாரமாக வேலைக்கு வரவில்லை. கை சரியில்லை. அவர் தொழிலுக்குக் கைதானே எல்லாம்.

ஒரே ஒரு உதவி செய். விரிசல் ஆறினாலும் தழும்பு வரும் என்று மாமா பேருக்கே ஒரு கடிதம் எழுது. கிலோ, சென்டிமீட்டர் எல்லாம் போட்டு எழுது. நீ எண் போட்டால் அவர் நம்புவார். இந்த வாரமே எழுது. அடுத்த வாரம் வேண்டாம், இந்த வாரம்.

மழையில் நனையாதே. தலையைத் துவட்டு.
அக்கா

---

ஜூலை 19

மதிப்புள்ள மாமாவுக்கு,

நலம். உங்கள் நலத்தையும் அக்காவின் நலத்தையும் விசாரித்தேன் என்று எடுத்துக்கொள்ளுங்கள். அக்கா மூன்று வாரத்துக்கு முன்பே எழுதச் சொன்னாள். இங்கே சீசன், ஒரு நாளைக்கு 60 பெட்டி குத்துகிறேன், நேரம் இல்லை.

விஷயம் இதுதான். கிளை பிளந்து திரும்பச் சேர்ந்தாலும் தழும்பு வரும். முதல் கடிதம் சுருக்கமாக எழுதினதால் அது விட்டுப்போனது. சந்தேகம் தீர வேண்டுமென்றால் தழும்பு உள்ள இடத்தில் அறுத்துப் பாருங்கள். ஒட்டு, விரிசல் இரண்டிலும் கருப்புக் கோடு தெரியும். ஆனால் பழகின கண்ணுக்கு வித்தியாசம் தெரியும்.

ஒட்டுக்காரரையே உட்கார வைத்துக் கேட்டால் தீர்ந்துபோகிற விஷயம். இதற்கெல்லாம் கடிதப் போக்குவரத்து தேவையா?

இப்படிக்கு,
மைத்துனன்

---

ஜூலை 24

அன்புள்ள மச்சானுக்கு,

நானும் உன் அக்காவும் சுகம். உன் சுகத்துக்கு எழுது. வேலை வேலை என்று உடம்பைக் கெடுத்துக்கொள்ளாதே.

நீ சொன்னபடி அறுத்துப் பார்த்தேன். கருப்புக் கோடு இருந்தது. எனக்குப் பழகின கண் இல்லை. ஆகவே அந்த மரத்தை அடியோடு அறுத்தேன். பக்கத்து மரத்தில் என்ன செய்து வைத்திருக்கிறார்களோ என்று அதையும் அறுத்தேன். பிறகு நிறுத்த மனசு வரவில்லை. 22-ம் தேதி சாயங்காலத்துக்குள் 86 மரம், காயோடு. மோட்டார் ரம்பத்துக்கு இரண்டு பல்சங்கிலி போயிற்று. தரை முழுக்கப் பழம், மிதித்துக்கொண்டுதான் வீட்டுக்கு வர முடிந்தது. செருப்பைக் கழுவ உன் அக்காவுக்கு ஒரு மணி நேரம் ஆனது.

இனி நம் தோட்டத்தில் பீச் என்று ஒரு மரம் கிடையாது. மேட்டுப் பக்கம் இருக்கிற நெக்டரின் மட்டும்தான். அது நல்ல சாதி. எதையும் மூடி மறைக்க அதன் தோலில் ஒன்றும் இல்லை. ஒரு பெட்டி அனுப்பியிருக்கிறேன், சாப்பிடு.

ஒட்டுக்காரனை நீ சொல்வதற்கு முன்பே கேட்டாயிற்று. முதலில் இல்லை என்றான், பிறகு ஆமாம் என்றான். உன் அக்கா மட்டும் இன்னும் இல்லை என்கிறாள். பார்ப்போம்.

உன் முதல் கடிதம் என் சட்டைப் பையில் பத்திரமாக இருக்கிறது.

அன்புடன்,
மாமா

---

ஜூலை 31

அக்காவுக்கு,

நலம். நலமா? ஐந்து வாரமாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. என்னைத் திட்டக்கூட எழுதவில்லை என்றால் ரொம்பக் கோபம் போலிருக்கிறது. மாமாவுக்கு எழுதத் தாமதமானது என் தப்புதான். விடு.

நெக்டரின் வந்தது, 36. இனிப்பு 13.1. பிரமாதம். ஒன்றில் மட்டும் அடி. நெக்டரினில் இது ஒரு வசதி, பட்ட அன்றைக்கே தெரிந்துவிடும். பீச் மாதிரி இரண்டு நாள் ஒளித்து வைக்காது.

86 காய்ப்பு மரத்தை அறுத்தது வடிகட்டின முட்டாள்தனம். மாமாவிடம் நான் சொன்னேன் என்றே சொல். ஆத்திரம் வந்தால் மனுஷனுக்குக் கணக்கு வேண்டாமா? எனக்கும் ஆத்திரம் வருகிறது, நான் என்ன மரத்தையா அறுக்கிறேன்?

பதில் எழுது. ரெண்டு வரி போதும்.
தம்பி

---

ஆகஸ்ட் 9

தம்பிக்கு,

சுகம். நீ சுகமா. எழுத்து கோணலாக இருக்கிறது என்று கேலி செய்யாதே. பீச் பறித்ததில் சுணை பட்டு வலது கை தடித்துவிட்டது. இடது கையால் எழுதுகிறேன். ஒரு வாரத்தில் வற்றிவிடும்.

இனிமேல் வீட்டு விலாசத்துக்கு எழுதாதே. நாய் கடிதத்தைக் கடித்துவிடுகிறது. பேக்கிங் கொட்டகை விலாசத்துக்கு எழுது. தபால்காரம்மா என் கையிலேயே கொடுப்பார்கள்.

கோபம் ஒன்றும் இல்லை.
அக்கா

---

ஆகஸ்ட் 14, காலை 11.05

அக்கா,

நலம் விசாரிப்பதை இந்தத் தடவை கடைசியில் வைத்துக்கொள்கிறேன்.

உன் கடிதத்தில் இரண்டு பிழை. திருத்துகிறேன்.

ஒன்று: உங்கள் வீட்டில் நாய் கிடையாது.

இரண்டு: பீச் மரம் அத்தனையும் ஜூலை 22-ம் தேதியே அறுத்தாயிற்று என்று மாமா கைப்பட எழுதியிருக்கிறார். 18 நாள் கழித்து நீ எந்தப் பீச்சைப் பறித்தாய்? தோட்டத்தில் இருப்பது நெக்டரின் மட்டும். நெக்டரினுக்குச் சுணை கிடையாது. சுணை இல்லாமல் கை தடிக்காது. அப்படியே சுணை பட்டாலும் ஒரு நாள் அரிக்கும், பேனா பிடிக்க முடியாமல் போகாது. ஆகவே உன் கை

இந்த வரியை எழுதிக்கொண்டிருந்தபோது நிறுத்தினேன். இப்போது மணி 12.40. நடுவில் என்ன செய்தேன் என்று சொல்கிறேன். ஜூன் மாதப் பழத்தின் படங்கள் கோப்பில் இருந்தன, எடுத்துப் பார்த்தேன். நசுக்கின அடையாளத்தில் கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையே 11 சென்டிமீட்டர். உங்கள் ஆட்கள் பாதிப்பேர் பெண்கள், ஒட்டுக்காரர் ஒல்லி என்று நீயே எழுதியிருக்கிறாய். மாமாவோடு நான் கைகுலுக்கியிருக்கிறேன்.

பிறகு நீ ஜூனில் எழுதிய மூன்று பக்கப் புலம்பலைத் தேடி எடுத்துப் படித்தேன். இன்றைக்குத்தான் முதல் தடவையாகப் படிக்கிறேன். ‘இந்த வெயிலிலும் முழுக்கை சட்டைதான், சுணை தொந்தரவு’ என்று எழுதியிருக்கிறாய். என் பட்டமளிப்புக்கு வந்தபோதும் முழுக்கை. அது ஜனவரி. ஜனவரியில் எந்த மரத்தில் காய் இருக்கிறது?

அழுத்தக் கருவியை எடுத்துச் சுவரில் அடித்தேன். சுவரில் பள்ளம், கருவி இரண்டு துண்டு. மேலாளர் வந்து “தம்பி, உடம்பு சரியில்லையா?” என்றார். அவர் கழுத்தைப் பிடிக்கப் போன கை பாதியில் நின்றது. நான் நிறுத்தவில்லை, நடுவில் மேசை இருந்தது.

20-ம் தேதி வெள்ளிக்கிழமை வருகிறேன். கூடத்தின் பின்னால் பழைய இரும்புக் குழாய் கிடக்கிறது. அவன் எந்தக் கையால் செய்தானோ அந்தக் கையை முதலில் எடுக்கிறேன். இனி அவன் எனக்கு மாமா இல்லை.

நலமா அக்கா? இந்தத் தடவை நிஜமாகக் கேட்கிறேன்.

தம்பி

---

ஆகஸ்ட் 17

தம்பி,

நலம் இல்லை. நிஜமாகக் கேட்டாய், நிஜமாகச் சொல்கிறேன். இடது கையால் எழுத நேரமாகிறது. அதனால் வளைத்துப் பேசாமல் உன்னை மாதிரியே எழுதுகிறேன்.

சுணை பொய்தான். உன்னிடம் மறைக்க யோசித்து எழுதினது இல்லை, பழக்கத்தில் வந்துவிட்டது. பன்னிரண்டு வருஷமாக எனக்கு எது தடித்தாலும் சுணை, எது கன்றினாலும் சுணை. பேக்கிங் கொட்டகையில் எல்லாரும் அதையே கேட்டு அதையே நம்பினார்கள். மரமே இல்லை என்பதை என் கை மறந்துவிட்டது.

நீ கேட்காததையும் சொல்லிவிடுகிறேன். உன் முதல் கடிதம் வந்த அன்றைக்கு உன் மாமா ஒட்டுக்காரரைப் பேக்கிங் மேசைக்குக் கூப்பிட்டார். கையை விரித்து வைக்கச் சொன்னார். ஒட்டுக் கட்டுகிற நாடாவை அளக்கத்தான் என்று நினைத்து ஒட்டுக்காரரும் வைத்தார். உன் கடிதம் இவரது இடது கையில், பெட்டிக்கு ஆணி அடிக்கிற சுத்தியல் வலது கையில். “தழும்பு இருந்தால் ஒட்டு” என்று படித்தார், ஓர் அடி. “இல்லையென்றால் மரமே செய்தது.” ஓர் அடி. “இதில் சந்தேகமே இல்லை.” மூன்றாவது விரல். அதற்குப் பிறகு ஒட்டுக்காரர் ஆமாம் ஆமாம் என்று கத்தினார்.

எனக்கு ஆகஸ்ட் 3. “ஏணி போட்டு ஏறினேன்னுதானே சொன்னே? இந்த ஏணிதானே?” என்றார். ஏணியைச் சாய்த்து என் கைமேல் இரண்டு தடவை இறக்கினார். முழங்கைக்கும் மணிக்கட்டுக்கும் நடுவில் இப்போது ஒரு மேடு இருக்கிறது, அந்தக் கிளையில் இருந்த மாதிரியே. நானே சேர்த்துப் பிடித்து நாடா சுற்றிக் கட்டியிருக்கிறேன். கட்டுப் போட எனக்குத் தெரியும்.

இதையெல்லாம் ஏன் இத்தனை நாள் சொல்லவில்லை என்றால், நீ என்ன எழுதுவாய் என்று எனக்குத் தெரியும். குழாயோடு வருகிறேன் என்று எழுதுவாய். எழுதிவிட்டாய்.

விடுதியில் உன் அளவுகோலை எடுத்தான் என்று ஒரு பையனின் தாடையை உடைத்தாயே. அவன் அம்மா காலில் விழுந்தது நான். அன்றைக்கு நீ என்ன சொன்னாய்? “அவன்தான்க்கா ஆரம்பிச்சான்.” உன் மாமாவும் ஒவ்வொரு தடவையும் எனக்குச் சொல்வது அதுதான், “நீதான் ஆரம்பிச்சே.” ஒரு எழுத்து மாறாது. பீச்சும் நெக்டரினும் தோல்தான் வேறு என்று நீதானே எழுதினாய். உனக்குச் சுணை வெளியே, கிட்டே வந்தாலே அரிக்கும். அவர் வழவழவென்று இருப்பார், நாலு பேர் நடுவில் அவரைத்தான் தங்கமான மனுஷன் என்பார்கள். உள்ளே இருக்கிற கொட்டை இரண்டையும் கிட்டத்தில் பார்த்தவள் நான் ஒருத்திதான். கோபித்துக்கொள்ளாதே. கோபித்தாலும் பரவாயில்லை, உன் கோபம் எனக்குப் பழக்கம்.

என்னிடம் ஒரு திட்டம் இருக்கிறது. 28-ம் தேதி சனிக்கிழமை கடைசி லோடு. காலை ஐந்தரைக்கு அவர் லாரியோடு போனால் மதியம்தான் திரும்புவார். அதுவரை என் ஒரு கையாவது பெட்டி அடுக்க வேண்டும், அதனால் தொடமாட்டார். தபால்காரம்மா வண்டி கொண்டுவருகிறேன் என்று சொல்லியிருக்கிறார்கள். நீ வெள்ளிக்கிழமை குழாயோடு வந்து நின்றால் லாரி போகாது, அவர் போகமாட்டார், நானும் போக முடியாது. அவர் செத்தால் நீ ஜெயிலில். நீ செத்தால் நான் இங்கேயே.

எனக்கு வேண்டியது உள்பக்கம் தாழ்ப்பாள் உள்ள ஓர் அறை. இங்கே எங்கள் அறைக்குத் தாழ்ப்பாள் வெளியே இருக்கிறது.

28-ம் தேதி வருவதாக இருந்தால் வா. முதலில் உன் கையைத்தான் பார்ப்பேன். அதில் ஏதாவது இருந்தால் வண்டியில் ஏறமாட்டேன்.

சாப்பிட்டுவிட்டு இதைத் திரும்பப் படி. முழுசாகப் படி.
அக்கா

---

ஆகஸ்ட் 22, ஞாயிறு, காலை 9.15

அக்காவுக்கு,

நலம். உன் கை எப்படி இருக்கிறது? வீக்கம் விரல் நுனிக்கு இறங்கியிருந்தால், விரல் மரத்துப்போனால், 28 வரை காத்திருக்காதே. அன்றைக்கே தபால்காரம்மாவோடு கிளம்பிவிடு.

உன் கடிதம் வியாழன் மாலை 4.10-க்கு வந்தது. இரண்டு தடவை முழுசாகப் படித்தேன். படித்த பிறகும் வெள்ளிக்கிழமை கிளம்பினேன். இதை உன்னிடம் மறைக்கக்கூடாது.

குழாய் 85 சென்டிமீட்டர், 2.3 கிலோ. நிறுத்துப் பார்த்தேன். எதற்கு நிறுத்தேன் என்று தெரியவில்லை, கை பழக்கம். பையில் வைத்தால் ஒரு முனை வெளியே நீட்டிக்கொண்டு இருந்தது. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவர் இறங்கும்வரை அதையே பார்த்துக்கொண்டு வந்தார். மூன்றரை மணி நேரம் அவன் எலும்பு ஒவ்வொன்றையும் பெயர் சொல்லி உடைத்துக்கொண்டே வந்தேன். சந்தோஷமாக இருந்தது. அதையும் மறைக்கக்கூடாது.

முதலில் ஒட்டுக்காரர் வீட்டுக்குப் போனேன். தோட்டத்துக்கு ஆள் கண்ணில் படாமல் போகிற வழி கேட்க. அவர் நாற்காலியில் உட்கார்ந்து இடது கையால் சட்டைப் பொத்தான் போட்டுக்கொண்டிருந்தார். போட முடியவில்லை.

“நீங்கதான் மீட்டரா?” என்றார்.

“ஆமாண்ணே.”

“அக்கா சொல்லும். பையில என்ன, நீளமா?”

“குழாய்.”

“தண்ணிக் குழாயா?”

“இல்லை.”

அவர் சிரித்தார். “அன்னைக்கு அவர் வந்தப்போ ஒரு கையில சுத்தியல், ஒரு கையில காகிதம். மூஞ்சி இப்ப உங்களுக்கு இருக்கற மாதிரியேதான் இருந்துச்சு. உள்ள கண்ணாடி இருக்கு, பாக்குறீங்களா?”

“அந்தக் காகிதம் நான் எழுதினதுண்ணே.”

“தெரியும். எழுத்து நல்லா இருந்துச்சு. அடிக்கோடுகூட நேரா இருந்துச்சு. மேசைக்கு அவ்வளவு பக்கத்துல இருந்தேன்ல, எல்லாம் பளிச்சுன்னு தெரிஞ்சுது.”

அவரே பேசினார். “நான் ஒட்டியிருந்தா இப்படியா அசிங்கமா தழும்பு விழும்? அது உங்க அக்கா கட்டுன கட்டு. மூட்டை கட்டுற மாதிரி கட்டியிருந்துச்சு. ஆனா கிளை பொழைச்சுதே தம்பி, அதைச் சொல்லணும்.”

“என்னை மன்னிச்சிடுங்கண்ணே” என்றேன்.

வலது கையை நீட்டினார். மூன்று விரல் விறைத்து நின்றது, மடங்கவில்லை. “என்னைக் கேட்டா? இதுககிட்ட கேளுங்க” என்றார். பிறகு, “அந்தப் பொத்தானைப் போட்டுவிட்டுட்டுப் போங்க. காலையிலேர்ந்து நானும் போராடுறேன்” என்றார்.

பொத்தான் போட இரண்டு கை வேண்டும். பையைக் கீழே வைத்தேன். ஆறு பொத்தான். நாலாவதற்கு மட்டும் ஒரு நிமிடம் ஆனது. அவர் மூச்சுவிடாமல் உட்கார்ந்திருந்தார். கிட்டே வருகிற கையைப் பார்த்தால் அவருக்கு இப்போதெல்லாம் அப்படித்தான் ஆகிறதாம். என் கையைப் பார்த்தும் அப்படித்தான் ஆனது.

குழாயைத் திரும்ப எடுக்கவில்லை. துணி காயப்போடுகிற கம்பி தொய்ந்துபோய்விட்டது, முட்டுக் கொடுக்க ஆகும் என்றார். நட்டுவிட்டு வந்தேன். தோட்டத்தின் வேலி அங்கிருந்தே தெரிந்தது. ரம்பம் போன இடம் வெட்டவெளியாக இருந்தது. உள்ளே வராமல் திரும்பினது நான் இதுவரை செய்ததிலேயே கஷ்டமான காரியம். பஸ்ஸில் வழி முழுக்க என் கையை என் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டு வந்தேன்.

நீ எழுதியதற்கு என்னிடம் மறுப்பு இல்லை. கொட்டை ஒன்றுதான். மரத்தில் ஒரு கிளை மாறும் என்று நான்தான் எழுதினேன். நான் மாறிவிட்டேன் என்று உனக்கு எழுதமாட்டேன். சந்தேகமே இல்லை என்று இனி எதற்கும் எழுதுவதாக இல்லை.

செய்யப்போவதை மட்டும் எழுதுகிறேன்:

1. 28-ம் தேதி காலை 5.50-க்குத் தபால்காரம்மாவின் வண்டி பேக்கிங் கொட்டகையின் பின்வாசலில் நிற்கும். லாரி பாலம் தாண்டியதை ஒட்டுக்காரர் பார்த்துச் சொன்ன பிறகுதான் உள்ளே வரும். வெள்ளிக்கிழமையே அவரிடம் கேட்டுவிட்டேன். “கண்ணு ரெண்டும் நல்லாத்தான் இருக்கு” என்றார்.

2. வண்டியிலிருந்து இறங்கி இரண்டு கையையும் விரித்துக் காட்டுவேன். நீ பார்த்து முடிக்கும்வரை பேசமாட்டேன். கிட்டே வரமாட்டேன். நீ ஏறினால் கிளம்புவோம், ஏறாவிட்டால் நீ சொல்கிறபடி.

3. அவன் நடுவில் திரும்பி வந்தாலும் நான் வண்டியிலிருந்து இறங்கமாட்டேன். என் பக்கத்துக் கதவை உள்ளிருந்து திறக்காதபடி பூட்டத் தபால்காரம்மாவிடம் சொல்லியிருக்கிறேன்.

4. நேராக ஆஸ்பத்திரி. கையைப் படம் எடுப்பார்கள். எப்படி ஆனது என்று டாக்டர் கேட்டால் நான் பதில் சொல்லமாட்டேன். நீ சொல். சுணை என்று மட்டும் சொல்லாதே.

5. பிறகு காவல் நிலையம். ஒட்டுக்காரரும் வருகிறார், அவர் வாயால் அவர் சொல்வார். ஜூலை 24-ம் தேதி அவன் எழுதிய கடிதத்தைக் கொடுப்பேன். என் ஜூன் 14 கடிதத்தின் நகலையும், அடிக்கோட்டோடு, சேர்த்துக் கொடுப்பேன்.

6. அங்கிருந்து என் அறை. இனி அது உன் அறை. நான் கூடத்தின் மாடியில் படுத்துக்கொள்வேன். தாழ்ப்பாளை நேற்று உள்பக்கத்துக்கு மாற்றிவிட்டேன், நாலு திருகு, இழுத்துப் பார்த்தாயிற்று. யார் கதவைத் தட்டினாலும் திறப்பதும் திறக்காததும் உன் இஷ்டம். தட்டுவது நானாக இருந்தாலும்.

தம்பி